பூவனேரி ரோட்டில் ஏறியவர்கள் பத்தொன்பது

சாந்தோம்
12.2.2025

திரு. கபாலி அவர்களுக்கு,

ராஜநாயகம் எழுதுகிறேன். பூவனேரி ரோடு ஸ்டேஷனில் கடைசி மாஸ்டராக இருந்த ராஜநாயகம். போன வாரம் உங்களுக்கு இரண்டு தடவை போன் செய்தேன். முதல் தடவை உங்கள் மகன் நிரஞ்சன் எடுத்து, அப்பா குளிக்கிறார் அங்கிள் என்று மரியாதையாகச் சொன்னார். இரண்டாவது தடவை நீங்களே எடுத்தீர்கள். என் பெயரைச் சொன்னதும் லைன் கட்டாகிவிட்டது. டவர் கோளாறு என்றே வைத்துக்கொள்கிறேன். அதனால்தான் கடிதம்.

விஷயத்துக்கு வருகிறேன். நம் ஸ்டேஷன் கட்டடம் இன்னும் நிற்கிறதாம். மீட்டர் கேஜைப் பெயர்த்துவிட்டு அகலப்பாதை போட்டார்கள், வண்டிகள் நிற்காமல் ஓடுகின்றன, கட்டடம் மட்டும் முள்ளுக்குள் கிடந்தது. இப்போது ஊர்க்காரர்கள் அலைந்து திரிந்து அனுமதி வாங்கி, அதை நூலகமாக்கப் போகிறார்கள். பள்ளிப் பிள்ளைகள் சாயங்காலம் உட்கார்ந்து படிக்கவும் ஒரு அறை. முன்னால் நின்று செய்கிறவள் ஹாஜிரா பீ என்ற பெண். ஜாக்கெட் தைக்கிறாள், வார்டு மெம்பராகவும் இருக்கிறாள். நம் பாயிண்ட்ஸ்மேன் துரைராஜிடம் என் விலாசம் வாங்கி எழுதியிருந்தாள். ஸ்டேஷனின் வரலாற்றை ஒரு பக்கத்தில் எழுதித் தர வேண்டுமாம். பலகையில் எழுதி வாசலில் மாட்டுவார்களாம். ஏப்ரல் 27 ஞாயிற்றுக்கிழமை திறப்பு விழா, என்னையும் கூப்பிட்டிருக்கிறாள்.

எழுத உட்கார்ந்தேன். 1927-ல் நிலக்கடலை மூட்டை ஏற்றுவதற்காக ஸ்டேஷன் வந்தது, ஊரார் பதினெட்டு பேர் தங்கள் புன்செய் நிலத்தைக் கொடுத்தார்கள், பெயரில் ரோடு வைத்த புண்ணியவான்கள் ரோடு போடவே இல்லை, எழுபது வருஷம் ரயில்தான் அந்த ஊருக்கு ரோடு. பஞ்ச காலத்தில் டாங்கர் வேகனில் தண்ணீர் வந்ததையும், கிணற்றடியில் நடந்த கல்யாணத்தையும்கூட எழுதிவிட்டேன். கடைசி வரியில்தான் நிற்கிறேன். 'பயணிகள் குறைந்ததால் 1998-ல் மூடப்பட்டது' என்று எழுத வேண்டும். எழுத வரவில்லை.

அந்த வருஷம் பங்குனியில் மூன்று நாள், ஏறுகிற பயணிகளைத் தலை எண்ண வந்தது டிராஃபிக் இன்ஸ்பெக்டராக இருந்த நீங்கள். முதல் நாள் பத்தொன்பது பேர், இரண்டாம் நாள் இருபத்தொன்று, மூன்றாம் நாள் பதினெட்டு என்று கணக்குக் கொடுத்தது நீங்கள். இரண்டாம் நாள் சந்தை. அன்றைக்கு என் கையால் இருநூற்றுச் சொச்சம் பேருக்கு டிக்கெட் கொடுத்தேன். அது எப்படி இருபத்தொன்று ஆனது? இருபத்தேழு வருஷமாக இதைக் கேட்க நினைத்துக் கேட்காமல் இருந்துவிட்டேன். இப்போது எழுதிக் கேட்கிறேன்.

இப்படிக்கு,
ராஜநாயகம்

*

அசோக் நகர்
24.2.2025

ராஜநாயகம்,

இன்னாய்யா இது, திரு, அவர்களுக்கு, நீங்கள்? திருச்சி டிரெய்னிங் ஸ்கூல்ல ஒரே ரூம்ல என் லுங்கியக் கட்டிக்கினு சுத்துனவன் நீ. நாலு மாசம் என் சோப்புலதான் குளிச்ச. இப்ப கலெக்டர் ஆபீசுக்கு மனு போடற மாதிரி எழுதற.

டவர் கோளாறு இல்ல. நான்தான் கட் பண்ணேன். போன்ல பேசுனா எனக்கு கோவம் மூக்கு மேல வந்துடுது, டாக்டர் பிரஷர்னு வேற பயமுறுத்தி வெச்சிக்கிறாரு. எழுதுனா கை வலிக்குது, அதுல பாதி கோவம் போயிடுது. அதனால நீயும் எழுது, நானும் எழுதறேன்.

நீ கேட்டதுக்கு பதில். நான் எண்ணுனத எழுதுனேன். அவ்ளோதான். இருவத்தேழு வருஷம் ஆச்சு, அந்த ஃபைல கரையான் தின்னு ஏப்பம் விட்டிருக்கும். அந்தக் காலத்துல எத்தினி சின்ன ஸ்டேஷன மூடுனாங்கன்னு உனக்குத் தெரியாதா? நான் எண்ணாட்டியும் வேற எவனாவது வந்து எண்ணியிருப்பான். இன்னைக்கு மூடலன்னா நாளைக்கு மூடியிருப்பாங்க.

ஒண்ணு கேக்கறேன், கோச்சிக்காத. ஸ்டேஷன மூடுனதும் ஒண்ணரை மாசத்துல உனக்கு மெட்ராஸ் போஸ்டிங் வந்துதா இல்லியா? பீச் லைன்ல சொகமா உக்காந்தியா இல்லியா? அப்ப இந்த சந்தேகம்லாம் எங்க போச்சு? ரிடையர்மெண்ட் பங்ஷன்ல எதிர்ல வந்தப்ப மொகத்தத் திருப்பிக்கினு போனியே, அன்னைக்கே கேட்டிருக்கலாமே.

பலகையில 'பயணிகள் குறைவு'ன்னே எழுது. எழுபது வருஷக் கதையில ஒரு வரி. யாரு படிக்கப் போறா? உன் வூட்டுக்காரி பியாட்ரிஸ விசாரிச்சதா சொல்லு.

கபாலி

*

சாந்தோம்
3.3.2025

கபாலி,

சரி, நீ என்றே எழுதுகிறேன்.

யார் படிக்கப் போகிறார்கள் என்று கேட்டாய். ஹாஜிரா படிப்பாள். அவள் யார் என்று உனக்குத் தெரியாது. காலை ஏழு நாற்பது வண்டியில் டவுன் ஹைஸ்கூலுக்குப் போன பதினொரு பெண் பிள்ளைகளில் அவள் ஒருத்தி, ஒன்பதாம் வகுப்பு. வண்டி வருவதற்கு அரை மணி முன்பே வந்துவிடுவார்கள். பியாட்ரிஸ் அவர்களை பிளாட்பாரத்து வேப்ப மரத்தடியில் உட்காரவைத்து இங்கிலீஷ் சொல்லிக் கொடுப்பாள். அந்த மரத்தடிக்கு அவர்கள் வைத்த பெயர் டீச்சரம்மா ஸ்கூல்.

ஜூலையில் ஸ்டேஷனை மூடினார்கள். பஸ் பிடிக்க நாலு மைல் முந்திரிக் காட்டு வழியாக நடக்க வேண்டும். வயசுக்கு வந்த பெண்ணை எந்தத் தாய் அனுப்புவாள்? மாசம் முடிவதற்குள் பத்துப் பேர் நின்றுவிட்டார்கள். ஒருத்தி மட்டும் அத்தை வீட்டில் தங்கி அந்த வருஷத்தை முடித்தாள், அதோடு சரி. இதெல்லாம் துரைராஜ் பின்னாளில் எனக்குச் சொன்னது. உனக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள்.

எனக்கு என்ன நடந்தது என்பதையும் கேட்டுக்கொள். சாமான் ஏற்றுகிற அன்று குவார்ட்டர்ஸ் ஜன்னலில் கல் விழுந்தது. ஹாஜிராவின் அம்மா அஸ்மத்துன்னிசா நடு பிளாட்பாரத்தில் நின்று மண்ணை வாரி என் மேல் தூற்றினாள். மாஸ்டர் பொய்க் கணக்கு எழுதி, மெட்ராசுக்கு மாற்றல் வாங்கி, அம்மா வீட்டுக்குப் போயிருந்த பெண்டாட்டி பக்கத்தில் இருப்பதற்காக ஊரை விற்றுவிட்டான் என்று பேச்சு. துரைராஜ் ஒருவன்தான் என் பெட்டியைத் தூக்கினான். அவனையும் அதற்காக ஏசினார்கள். அதற்குப் பிறகு அந்தப் பக்கம் நான் தலைவைத்துப் படுக்கவில்லை. ரயிலில் அந்த வழியாகப் போக நேர்ந்தால் எதிர்ப்பக்க ஜன்னலில் உட்கார்ந்துகொள்வேன்.

இப்போது அதே ஊர் என்னைக் கூப்பிடுகிறது. ஹாஜிரா கடிதத்தில் எழுதியிருந்தாள்: 'பழையதை யாரும் பேச மாட்டோம், தைரியமா வாங்க சார்.' பழையதை யாரும் பேசமாட்டார்கள் என்றால் எல்லாரும் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள் என்றுதானே அர்த்தம்? எந்த முகத்தோடு போவேன்?

நான் உன்னைக் கோர்ட்டுக்கு இழுக்கப் போவதில்லை. பென்ஷனை யாரும் பிடுங்க மாட்டார்கள். அந்த இருபத்தொன்று எப்படி வந்தது என்று மட்டும் சொல். என் பெயரில் இருக்கிற அந்த மண்ணை நான் துடைத்துக்கொள்ள வேண்டும்.

ராஜநாயகம்

*

அசோக் நகர்
7.4.2025

ராஜநாயகம்,

ஒரு மாசமா நாலு தபா எழுதிக் கிழிச்சுட்டேன். மருமவ பாத்துட்டு, யாருக்கு மாமா லவ் லெட்டர்னு கேக்கறா. இந்த வாரம் மயிலாப்பூர்ல அறுபத்துமூவர் திருவிழா. இத எழுதறதுக்கு வேற வாரமே கெடைக்கல பாரு.

எங்க வூட்டு மோர்ப்பந்தல் உனக்குத் தெரியும், ஒரு தபா வந்து குடிச்சிக்கீற. தாத்தா காலத்துலேர்ந்து அறுபத்துமூவர் அன்னைக்கு மாட வீதில போடறது. மொதல் டம்ளர மூத்த புள்ளை கையால குடுக்கணும், அது எங்க வூட்டு வழக்கம். அந்த வருஷம் அப்பாவுக்கு ஒடம்பு முடியாம பொங்கல்லேர்ந்து படுக்கை. 'நீ வர்லன்னா இந்த வருஷம் பந்தலே வேணாம்டா'ன்னு சொல்லி அனுப்பிட்டாரு. எனக்கு வந்த டூட்டி அதே நாள்ல பூவனேரி ரோட்டுல தலை எண்ணறது. மாத்திக் குடுங்கன்னு கேட்டேன், மேலிடத்துல முடியாதுன்னுட்டாங்க.

மொதல் நாள் ஒழுங்கா எண்ணுனேன். பரீட்சைக்கு நடுவுல ஒரு நாள் படிப்பு லீவாம், புள்ளைங்க யாரும் வரல. பத்தொம்போது பேரு ஏறுனாங்க. அது சத்தியமான கணக்கு. சாயங்காலம் உன் ரூம்ல டீ குடிச்சிக்கினு மூஞ்சத் தொங்கப் போட்டிருந்தேன். நீதான் கேட்ட. நான் அப்பா சமாச்சாரத்தச் சொன்னேன். நீதான் சொன்ன, 'போய் அப்பாவப் பாருடா, நான் எண்ணி வெக்கிறேன், கேட்டு எழுதிக்கோ'ன்னு. ஃபாரத்துல மாஸ்டர் கையெழுத்து எடத்துல மூணு நாளுக்கும் சேத்து காலியாவே கையெழுத்துப் போட்டுக் குடுத்த. நான் ராத்திரி வண்டில ஏறிட்டேன்.

மோர் குடுத்தேன். அப்பா கட்டில்லேர்ந்து பாத்தாரு. ரெண்டு மாசத்துல போயிட்டாரு. அது வரைக்கும் ஒரு கொறையும் இல்ல.

ஆனா உன்ன கேக்கணும்ல? கேக்கல. கன்ட்ரோல் போன்ல கேட்டா லைன்ல இருக்கற அத்தினி ஸ்டேஷனும் கேக்கும், நான் ஊர்ல இல்லன்னு தெரிஞ்சிடும்னு பயம். லெட்டர் போட்டுக் கேக்கலாம்னா நாள் இல்ல. மாடிப்படில உக்காந்து நானே ரொப்பிட்டேன். மொதல்ல மூணு கட்டத்துலயும் பத்தொம்போதுன்னுதான் போட நெனச்சேன். மூணும் ஒண்ணாக் கீதே, எவனாவது சந்தேகப்படுவான்னு தோணிச்சு. ரெண்டாவத இருவத்தொண்ணு ஆக்குனேன், மூணாவத பதினெட்டு ஆக்குனேன். சோம்பேறித்தனத்துல பண்ணேன்னு சொல்லிக்கலாம்னு பாக்கறேன், முடியல. பத்தொம்போத இருவத்தொண்ணா மாத்துனப்பவே நான் திருட்டுப்பயதான்.

இதுக்காக ஸ்டேஷனையே மூடிடுவாங்கன்னு நெனைக்கல. உத்தரவு வந்தப்ப வாயத் தொறந்திருந்தா என் வேலை போயிருக்கும். தொறக்கல. அடுத்த வருஷத்துலேர்ந்து பந்தல்ல நான் நிக்கறது இல்ல, தம்பி குடுக்கறான். அறுபத்துமூவர் அன்னைக்கு மயிலாப்பூர் பக்கமே போறது இல்ல. இங்க புள்ளை கூட வந்ததுக்கும் அதான் காரணம். வூட்ல முட்டி வலின்னு சொல்லிக்கினு கீறேன். அந்தப் பொண்ணுங்க சங்கதி நீ எழுதித்தான் தெரியும். பதினோரு பேருன்னு படிச்சப்புறம் ரெண்டு நாள் சோறு எறங்கல.

கூட ஒரு தாள் வெச்சிக்கிறேன். அது ஊருக்கு. சபைல படி. பொய்க் கணக்கு எழுதுனது கபாலி, மாஸ்டர் இல்லன்னு தெளிவா எழுதிக் கையெழுத்துப் போட்டுக்கிறேன். நீ காலி ஃபாரத்துல கையெழுத்துப் போட்டத அதுல எழுதல. நீ எனக்காகப் போட்டது அது. அத சொல்றதும் சொல்லாததும் உன் இஷ்டம்.

நான் வரல. முட்டி வலி இல்ல, பயம்.

கபாலி

*

சாந்தோம்
29.4.2025

கபாலி,

போய்விட்டு நேற்று ராத்திரி வந்தேன். உடனே உனக்கு எழுதாவிட்டால் எழுதவே மாட்டேன் என்று தெரியும்.

கட்டடத்துக்கு வெள்ளையடித்து, டிக்கெட் கவுண்டரை அப்படியே விட்டுவைத்து, உள்ளே அலமாரி போட்டிருக்கிறார்கள். வேப்ப மரம் போய்விட்டது. நூறு பேர் வந்திருந்தார்கள். கூட்டம் நடக்கும்போதே ஒரு எக்ஸ்பிரஸ் நிற்காமல் போனது, அது போகும்வரை எல்லாரும் வாயை மூடிக்கொண்டு நின்றோம். நான் போனதும் நாற்காலி போட்டார்கள், கலர் கொடுத்தார்கள், அவ்வளவுதான். துரைராஜ் மட்டும் பக்கத்திலேயே நின்றான்.

வரலாற்றை வாசித்தேன். பலகையில் கடைசி வரியை மட்டும் காலியாக விடச் சொல்லியிருந்தேன். கடைசியில் உன் தாளை எடுத்துப் படித்தேன். ஒரு வார்த்தை விடவில்லை. 'மாஸ்டர் ராஜநாயகம் நிரபராதி, பாவம் முழுக்க என்னுடையது' என்று எழுதியிருந்தாயே, அதைப் படிக்கும்போது என் குரல் உடைந்தது. கூட்டத்துக்கு அது துக்கமாகத் தெரிந்திருக்கும்.

பிறகு நடந்ததைக் கேள். அஸ்மத்துன்னிசாவுக்கு எண்பது வயசு இருக்கும். இரண்டு பேர் பிடித்துக் கூட்டிவந்தார்கள். என் இரண்டு கையையும் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, 'நல்ல மனுஷன் மேல மண்ணை வாரிப் போட்டேனே, என்னை மன்னிச்சிடுங்க மாஸ்டர்' என்று அழுதாள். துரைராஜ் விம்மிவிட்டான். பலகைக்குப் போடுவதற்காக வாங்கி வைத்திருந்த ரோஜா மாலையை ஹாஜிரா எடுத்து வந்து என் கழுத்தில் போட்டாள். உன்னை இரண்டு பேர் கெட்ட வார்த்தை சொல்லித் திட்டினார்கள். நான் சும்மா நின்றேன். மாலையோடு நின்றேன், கபாலி.

காலி ஃபாரத்தில் கையெழுத்துப் போட்டதை நான் சொல்லவில்லை. நீ சொல்லாமல் விட்டதால் எனக்கு வசதியாகப் போயிற்று. ஆனால் அது சின்ன விஷயம். உனக்கும் தெரியாத பெரிய விஷயம் ஒன்று இருக்கிறது. அதை இப்போது எழுதுகிறேன்.

நீ கணக்கு அனுப்பி இரண்டு மாசம் கழித்து, ஜூனில் பள்ளிக்கூடம் திறந்த சமயம், ஆபீசிலிருந்து எனக்கு ஒரு தாள் வந்தது. உன் மூன்று எண்களும் அதில் இருந்தன. இதில் ஸ்டேஷன் மாஸ்டருக்கு ஆட்சேபம் இருந்தால் டிக்கெட் விற்ற விவரத்தோடு பதினைந்து நாளுக்குள் எழுதவும், இல்லையென்றால் சம்மதம் என்று கொள்ளப்படும். பார்த்ததும் புரிந்துவிட்டது, நீ கேட்காமலே நிரப்பிவிட்டாய் என்று. சந்தை நாள் விற்ற டிக்கெட் விவரம் என் அலமாரியில் இருந்தது. எடுத்து எழுத அரை மணி நேரம் ஆகும். ஸ்டேஷன் பிழைத்திருக்கும். உனக்கு ஒரு மெமோ கிடைத்திருக்கும், வேலையெல்லாம் போயிருக்காது.

அந்தத் தாளை மேஜை டிராயரில் வைத்துப் பூட்டினேன்.

ஏன் என்று உனக்குத் தெரியும். கல்யாணமாகிப் பன்னிரண்டு வருஷம் கழித்து பியாட்ரிஸ் உண்டாகியிருந்தாள். படுக்கையை விட்டு எழுந்திருக்கவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டதால் சாந்தோமில் அவள் அம்மா வீட்டில் கிடந்தாள். நான் இரண்டு தடவை மாற்றல் கேட்டு இரண்டு தடவையும் இல்லை என்று வந்தது. ஸ்டேஷன் மூடினால் ஆள் உபரி ஆவார், கேட்ட இடம் கிடைக்கும் என்று ஆபீஸ் கிளார்க் ஒருவர் என் காதில் போட்டிருந்தார். தினமும் டிராயரைத் திறந்து அந்தத் தாளைப் பார்ப்பேன், மூடுவேன். பியாட்ரிஸ் இல்லாவிட்டாலும் வெளியே மரத்தடியில் அந்தப் பதினொரு பிள்ளைகளும் சத்தம்போட்டுப் படித்துக்கொண்டிருப்பார்கள். பதினைந்தாவது நாளும் அப்படித்தான் போயிற்று.

ஊரை விற்றுவிட்டான் என்று அவர்கள் சொன்னது பொய்யில்லை. ஆளைச் சரியாகத்தான் பிடித்திருந்தார்கள். இத்தனை வருஷம் நான் உன்மேல் கோபமாக இருந்ததெல்லாம், உன்மேல் கோபமாக இருக்கும்வரை டிராயரை நினைக்க வேண்டாம் என்பதற்காக. மாதா கோவிலில் எத்தனையோ தடவை பாவசங்கீர்த்தனம் செய்திருக்கிறேன். 'பொய் சொன்னேன் சுவாமி, கோபப்பட்டேன் சுவாமி' என்று மொத்தமாகச் சொல்லிவிட்டு இதைத் தாண்டிப் போய்விடுவேன். பியாட்ரிசுக்கே தெரியாது.

நீ என்ன சொல்வாய் என்று தெரியவில்லை. எது சொன்னாலும் கேட்டுக்கொள்கிறேன்.

ராஜநாயகம்

*

அசோக் நகர்
6.5.2025

டேய் ராஜநாயகம்,

லெட்டர் வந்து மூணு நாள் ஆச்சு. மொத நாள் நேரா சாந்தோம் வந்து உன் சட்டையப் புடிச்சிடலாம்னு ஆட்டோ வரைக்கும் போயிட்டேன். நிரஞ்சன்தான் இழுத்துக்கினு வந்தான்.

இருவத்தேழு வருஷம்டா! அப்பாவுக்கு மோர் குடுத்த கையின்னு நெனச்சு சந்தோஷப்பட வேண்டிய கைய, ஊரக் கெடுத்த கையின்னு பாத்துக்கினு கெடந்தேன். நான் செத்தாலும் என்கூடவே எரியும்னு நெனச்சேன். அரை மணி நேர வேலைடா உனக்கு. ஒரு தாள். நீ எழுதியிருந்தா எனக்கு மெமோ வந்திருக்கும், உன்ன நாலு நாள் திட்டியிருப்பேன், அஞ்சாவது நாள் ரெண்டு பேரும் சேந்து டீ குடிச்சிருப்போம். அந்தப் பொண்ணுங்க ஸ்கூலுக்குப் போயிருக்கும்.

அதுக்கு மேல பிப்ரவரில எனக்கு லெட்டர் போட்டு, எப்படி இருவத்தொண்ணு ஆச்சுன்னு ஒண்ணும் தெரியாத பாப்பா மாதிரி கேட்டிருக்க. என்னய எழுத வெச்சு, அந்தத் தாள எடுத்துக்கினு போய் மாலை வாங்கிக்கினு வந்திருக்க. நல்லா வருவய்யா நீ.

சரி. கை வலிக்குது. பாதி கோவம் போச்சு.

நான் பண்ணது நான் பண்ணதுதான். நீ டிராயர்ல பூட்டுனதால என் இருவத்தொண்ணு ஒண்ணும் நல்ல கணக்கு ஆயிடாது. பியாட்ரிஸ் நெலமை எனக்குப் புரியாம இல்ல. உன் எடத்துல நானா இருந்தாலும் பூட்டியிருப்பேனோ என்னவோ. அது நமக்குள்ள.

ஆனா அந்தக் கெழவி உன் கையப் புடிச்சு மன்னிப்பு கேட்டுக்குதே, அது நமக்குள்ள இல்ல. அது நீ திருப்பிக் குடுக்க வேண்டியது. நான் போய்ச் சொல்ல மாட்டேன். மாலை உன் கழுத்துலதான் வுழுந்துது, நீதான் கழட்டணும். இதே வாய்தா வாங்கிக்கினு போனீன்னா ஒரு நாள் அந்தக் கெழவி போயிடும், அப்புறம் யாருகிட்ட சொல்லுவ?

போ. போய்ச் சொல்லிட்டு எழுது. சொல்லாம எனக்கு எழுதாத. போனும் பண்ணாத.

கபாலி

*

சாந்தோம்
19.5.2025

கபாலி,

சொல்லிவிட்டேன்.

முதலில் பியாட்ரிசிடம் சொன்னேன். கேட்டுவிட்டு எழுந்து அடுக்களைக்குப் போய்விட்டாள். ரொம்ப நேரம் கழித்து வந்து, 'அந்தப் பிள்ளைங்க வரிசையா உக்கார்ற இடம்கூட எனக்கு ஞாபகம் இருக்கு' என்றாள். அதற்குப் பிறகு இன்றுவரை என்னோடு அளந்துதான் பேசுகிறாள். அது நியாயம்தான்.

சனிக்கிழமை தனியாகப் போனேன். பஸ்ஸில் போய், அந்த நாலு மைலையும் நடந்தே போனேன். இப்போது ரோடு போட்டு ஷேர் ஆட்டோ ஓடுகிறது. ஆனாலும் நடந்தேன். முந்திரிக் காடு பாதி அழிந்துவிட்டது, மிச்சம் இருக்கிற பாதியே எனக்குப் பயமாகத்தான் இருந்தது.

ஹாஜிரா வீட்டு முன்னறையில் தையல் மெஷினில் உட்கார்ந்திருந்தாள். அஸ்மத்துன்னிசா கட்டிலில். நான் உட்காரவில்லை. நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். காலி ஃபாரம், ஆபீஸ் தாள், டிராயர், பதினைந்து நாள். உன் பெயரில் படித்த தாளில் பாதிப் பாவம் என்னுடையது, அதைச் சொல்லாமல் மாலை வாங்கிக்கொண்டேன் என்றும் சொன்னேன். கிழவியிடம் குனிந்து, 'அம்மா, நீங்க கேட்ட மன்னிப்பு என்கிட்ட இருக்கக் கூடாது, நீங்க தூற்றின மண்ணு சரியான ஆள் மேலதான் விழுந்துச்சு' என்றேன். அவளுக்கு எவ்வளவு புரிந்தது என்று தெரியவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், பிறகு சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

ஹாஜிரா மெஷினை நிறுத்திவிட்டு எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். திட்டுவாள், வெளியே போ என்பாள் என்று தயாராகத்தான் போயிருந்தேன். திட்டினால் நன்றாக இருந்திருக்கும். பலகையில் காலியாக இருக்கிற கடைசி வரியில் என்ன எழுதட்டும் என்று நானே கேட்டேன். நடந்ததை நடந்தபடி எழுதிக் கொடுங்கள், இரண்டு பேர் பெயரையும் போடுங்கள் என்றாள். எழுதிக் கொடுத்தேன். 'இன்ஸ்பெக்டர் எண்ணாமல் எழுதினார், மாஸ்டர் தெரிந்தும் மறுக்கவில்லை.' உன்னைக் கேட்காமல் எழுதிவிட்டேன், நீ ஒத்துக்கொள்வாய் என்று நினைக்கிறேன். ஒரு தடவை படித்துப் பார்த்துவிட்டு மடித்து மெஷின் டிராயரில் வைத்தாள்.

கிளம்பும்போது வாசல்வரை வந்தாள். அங்கே நின்று கேட்டாள்.

"டீச்சரம்மாவுக்கு என்ன குழந்தை சார் பொறந்துச்சு?"

பெண் குழந்தை, ஷெரில் என்று பெயர் என்றேன்.

"படிச்சாங்களா?"

படித்தாள் என்றேன். எம்.எஸ்ஸி. முடித்து, இப்போது ஆராய்ச்சிப் படிப்பு படிக்கிறாள், அடுத்த வருஷம் டாக்டர் பட்டம் வந்துவிடும் என்றேன். அந்த வாசலில் நின்று அதைச் சொன்னேன் கபாலி, பொய் சொல்ல முடியவில்லை.

ஹாஜிரா முந்தானையைத் தலையில் இழுத்துவிட்டுக்கொண்டாள்.

"அல்ஹம்துலில்லாஹ்" என்றாள். "ஒருத்தியாவது படிச்சாளே சார்."

அவள் குத்திக்காட்டிச் சொல்லவில்லை. மனசார சந்தோஷப்பட்டுத்தான் சொன்னாள்.

ராஜநாயகம்